மாதிரிக்கு மூன்று பக்கம்

அத்தியாயம் 14

கம்ப்யூட்டர் திரையில் பார்த்த அந்தப் பச்சைப் பட்டனை அமுக்கலாமா வேண்டாமா என்று ராத்திரி முழுக்கப் புரண்டு புரண்டு படுத்த அம்மா, காலையில் அப்பா கேமராப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு ஒரு பள்ளிக்கூடத்து குரூப் போட்டோவுக்குக் கிளம்பியதும், நேராக ஸ்டுடியோவின் பின்னறைக்குப் போய் அமுக்கிவிட்டாள்.

யோசித்திருந்தால் அமுக்கியிருக்க மாட்டாள். அது அம்மாவுக்கே தெரியும். அதனால்தான் யோசிக்கவில்லை.

எல்லாவற்றுக்கும் காரணம் ஒரு போட்டோ. போன வாரம் அவள் திரும்பத் திரும்பப் பெரிதாக்கிப் பார்த்தாளே, அதுதான். மகள் சிட்டுவும், சிட்டுவின் மாமியாரும் ஒரே மஞ்சள் குடைக்குள் பாதி நனைந்து நின்று சிரித்த போட்டோ. கீழே சிட்டு எழுதியிருந்தாள்: 'என் பாதி உயிர்.'

பெற்று, வளர்த்து, படிக்க வைத்து, பிசியோதெரபிஸ்ட் ஆக்கி அனுப்பிய அம்மாவுக்குப் பிறந்தநாளன்று வந்தது ஒரு கேக் படம். எல்லோரும் எல்லோருக்கும் அனுப்புகிற அதே கேக் படம்.

மகளைக் கட்டிக்கொடுத்த மற்ற அம்மாக்களுக்கெல்லாம் மாமியார் கொடுமைப்படுத்துகிறாளே என்று கவலை. இவளுக்கு, கொடுமைப்படுத்தவில்லையே என்று கவலை. வெளியே சொன்னால் சிரிப்பார்கள். அதனால் சொல்லவில்லை. உள்ளேயே வைத்து வைத்து அது புளித்துப் போயிருந்தது.

அப்படி என்னதான் பேசிக்கொள்கிறார்கள் இரண்டு பேரும்? ஒரே வீட்டில் இருந்துகொண்டு, பகல் முழுக்க மெசேஜ் வேறு. சிட்டு இங்கே வந்து உட்கார்ந்தாலும் போனில் 'டிங்' என்று சத்தம் வரும், பார்ப்பாள், சிரிப்பாள், போனைக் கவிழ்த்து வைப்பாள். "யாரு?" என்று கேட்டால், "அத்தைம்மா, சும்மா ஏதோ" என்பாள்.

அந்த 'சும்மா ஏதோ'வைத்தான் அம்மாவுக்குப் பார்க்க வேண்டியிருந்தது.

பச்சைப் பட்டனுக்கு மேலே ஓடிய வீடியோவில் முகத்தைக் காட்டாத ஒருத்தன் பேசினான். யாருடைய கணக்கையும் சில நிமிடத்தில் திறந்து படிக்கலாமாம். முழுக்க இலவசமாம். அவன் சொன்னபடியெல்லாம் அம்மா செய்தாள். கம்ப்யூட்டரின் பாதுகாப்பை முதலில் அணைத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் அது இந்தக் கருவியை வைரஸ் என்று தப்பாக நினைத்துக்கொள்ளும் என்றான். 'வீட்டுக்கு வர்ற விருந்தாளி, முதல்ல நாயைக் கட்டுங்கன்னு சொல்றது நியாயம்தான். ஆனா பூட்டையும் கழட்டச் சொல்றானே' என்று ஒரு நொடி அவளுக்குத் தோன்றியது. கம்ப்யூட்டரும் நிச்சயமாகவா, நிச்சயமாகவா என்று கேட்டது. அவள் ஆமாம், ஆமாம் என்றாள்.

ஒரு பெட்டி திறந்தது. யாருடைய கணக்கு வேண்டும்? சிட்டுவின் கணக்குப் பெயரை அடித்தாள். உங்கள் மின்னஞ்சல்? அதையும் அடித்தாள். ஒரு நீலக் கோடு இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கத்துக்கு மெல்ல ஊர்ந்தது. கடைசிக்குக் கொஞ்சம் முன்னால் வரைக்கும் போய், படக்கென்று மொத்தமும் மறைந்துவிட்டது.

அவ்வளவுதான். ஒன்றுமே இல்லை. வழக்கமான திரை, வழக்கமான கோப்புகள், மூலையில் கடிகாரம்.

"சே" என்றாள். நிம்மதியும் ஏமாற்றமும் சேர்ந்து வந்த ஒரு 'சே'.

முன்பக்கம் யாரோ மணியை அடித்தார்கள். பாஸ்போர்ட் போட்டோவுக்கு ஒரு பெண்மணி. அம்மா விளக்கைப் போட்டு, வெள்ளைத் திரையை இழுத்துவிட்டு, "தாடையைக் கொஞ்சம் இறக்குங்க. சிரிக்காதீங்க. சிரிச்சா வாங்க மாட்டாங்க" என்று சொல்லிப் படம் எடுத்தாள். இந்த வேலையில் அவளுக்குக் கை சுத்தம். குரூப் போட்டோவில் ஒருத்தர் கண்ணை மூடியிருந்தால், வேறொரு படத்திலிருந்து அவருடைய கண்ணையே எடுத்து ஒட்டிவிடுவாள். சம்பந்தப்பட்டவருக்கே தெரியாது. கல்யாண ஆல்பங்களில் இப்படி எத்தனை பேருக்குக் கண்ணைத் திறந்துவிட்டிருக்கிறாள்!

*

மத்தியானம் சிட்டு போன் பண்ணினாள்.

"அம்மா!" அந்த ஒரு வார்த்தையிலேயே அழுகை இருந்தது.

"என்னடி, என்ன ஆச்சு?"

"என் அக்கவுண்டை யாரோ திருடிட்டாங்கம்மா. என்னால உள்ளே போகவே முடியலை. பாஸ்வேர்டு, நம்பர் எல்லாத்தையும் மாத்திட்டான். என் முகத்தைப் போட்டு, 'என்னை நம்புங்கள், பணம் இரட்டிப்பாகும்'னு விளம்பரம் ஓடிட்டிருக்கு. என் பேஷண்ட் எல்லாருக்கும் மெசேஜ் போயிருக்கு. கிளினிக்ல போன் நிக்காம அடிக்குது."

அம்மாவின் கை தானாகவே பின்னறைக் கதவைப் பிடித்துக்கொண்டது. உள்ளே கம்ப்யூட்டர் ஒன்றும் தெரியாததுபோல உறுமிக்கொண்டிருந்தது.

"எப்படிடி... எப்படி இது நடந்துச்சு?"

"எப்படியா? எல்லாம் அத்தையாலதான்!"

அம்மா போனைக் காதோடு அழுத்திக்கொண்டாள்.

"நேத்து என் போனை வாங்கி ஏதோ பார்த்துட்டிருந்தாங்க. பரிசு விழுந்திருக்கு, இங்கே தொடுங்கன்னு வந்ததாம். தொட்டுட்டாங்களாம். இப்போதான் சொல்றாங்க. எத்தனை தடவைம்மா சொல்லியிருக்கேன், தெரியாததைத் தொடாதீங்கன்னு? நான் கத்திட்டேன். நல்லாக் கத்திட்டேன்."

"அத்தையையா?"

"ஆமா. அவங்க அழுதுட்டாங்க. அழட்டும். நீயா இருந்தா இப்படிப் பண்ணுவியா?"

நீயா இருந்தா இப்படிப் பண்ணுவியா.

உண்மையைச் சொல்ல வேண்டுமென்றால், அந்தக் கணத்தில் அம்மாவுக்குப் பயத்துக்கு முன்னால் வந்தது சந்தோஷம். கல்யாணமான நாளிலிருந்து மகள் வாயிலிருந்து மாமியாரைப் பற்றி ஒரு குறைகூட வந்ததில்லை. இன்றைக்கு வந்துவிட்டது. பயம் அதற்குப் பின்னால்தான் வந்தது, தாமதமாக வரும் விருந்தாளி மாதிரி.

"சரி, சரி. அழாதே. சாயங்காலம் இங்கே வந்துடு" என்றாள். "அம்மா இருக்கேன்ல?"

*

போனை வைத்த கொஞ்ச நேரத்தில் ஒரு மின்னஞ்சல் வந்தது. மனிதர்கள் பேசாத ஒரு தமிழில் இருந்தது.

'அன்புள்ள வாடிக்கையாளரே. நீங்கள் கோரிய கணக்கு வெற்றிகரமாகத் திறக்கப்பட்டுள்ளது. மாதிரிக்கு மூன்று பக்கங்கள் இணைக்கப்பட்டுள்ளன. மீதமுள்ள உரையாடலைப் பெற கீழே கட்டணம் செலுத்தவும். நாளை காலைக்குள் செலுத்தத் தவறினால், இக்கோரிக்கையை அளித்தவர் யார் என்பது கணக்கின் உரிமையாளருக்குத் தெரிவிக்கப்படும். நன்றி.'

அம்மா அதை நின்றபடி படித்தாள். பிறகு உட்கார்ந்து படித்தாள். இலவசம் என்றானே பாவி!

மூன்று பக்கங்களும் கீழே சின்னச் சின்னதாகத் தெரிந்தன. திறக்கக்கூடாது என்று நினைத்தாள். அப்படி நினைத்து முடிப்பதற்குள் முதல் பக்கம் திறந்துவிட்டிருந்தது.

சிட்டு: 'அத்தை, ஞாயிற்றுக்கிழமை அம்மா வீட்டுக்குப் போகணும்னு நினைச்சாலே டயர்டா இருக்கு.'

அத்தை: 'போயிட்டு வாம்மா. வாசலைப் பார்த்துட்டே இருப்பாங்க.'

சிட்டு: 'போனதும் முதல் கேள்வி என்ன தெரியுமா? உன் மாமியார் எப்படி இருக்காங்க. நல்லா இருக்காங்கன்னு சொன்னா முகம் சுருங்கிடும். உடம்பு சரியில்லைன்னு சொன்னா அன்னைக்கு டீயே தனி ருசியா இருக்கும்.'

அத்தை: 'அப்போ எனக்கு இடுப்பு வலின்னு சொல்லிடு. அவங்க சந்தோஷமா இருக்கட்டும். உனக்கும் நல்ல டீ கிடைக்கும்.'

பக்கத்தில் கண்ணில் தண்ணீர் வரச் சிரிக்கிற மஞ்சள் முகங்கள். ஒன்றல்ல, வரிசையாக.

அம்மாவுக்குக் காது இரண்டும் சூடானது. போன மாதம் சிட்டு வந்தபோது, "பாவம், அத்தைக்கு இடுப்பு வலி" என்று சொன்னாள். "அடடா!" என்று சொல்லிவிட்டு அம்மா அன்றைக்கு எத்தனை உற்சாகமாக அடுப்படிக்கும் ஹாலுக்கும் நடந்தாள்! தைலம் வேறு கொடுத்து அனுப்பினாள். அந்தத் தைலத்தை இரண்டு பேரும் மேசையில் வைத்துப் பார்த்துப் பார்த்துச் சிரித்திருப்பார்கள்.

சிரிக்கட்டும். ஆனால் அந்த மனுஷி ஒரு வார்த்தை தப்பாகச் சொல்லியிருக்கக்கூடாதா? 'உங்க அம்மா எப்பவுமே அப்படித்தான்' என்று ஒரு வரி? அது இருந்தால் இன்றைக்குப் பிடித்துக்கொள்ள ஒரு கொம்பு கிடைத்திருக்கும். போயிட்டு வாம்மா, வாசலைப் பார்த்துட்டே இருப்பாங்க. எவ்வளவு நல்லவள்! அந்த நல்லதனம்தான் அம்மாவுக்கு நெஞ்சில் முள்ளாகக் குத்தியது.

இரண்டாவது பக்கத்தில் கிளினிக் கதை, காய்கறிக் கதை. மூன்றாவது பக்கத்தின் அடியில், கடைசி வரி.

சிட்டு: 'அத்தை, அந்த விஷயம் மட்டும் அம்மாவுக்குத் தெரியவே கூடாது. உங்களுக்கும் எனக்கும் மட்டும்தான்.'

அதற்குக் கீழே ஒன்றும் இல்லை. வெள்ளை. அதன்மேல் ஒரு பூட்டுப் படம். 'மீதியைப் பார்க்க.'

எந்த விஷயம்?

மகளுக்கு அப்படி ஒரு விஷயம் இருக்கிறது. அது அந்த மாமியாருக்குத் தெரியும், எனக்குத் தெரியாது. பத்து மாதம் சுமந்தது நான், ரகசியத்தைச் சுமக்கிறது அவளா?

கைப்பையிலிருந்து வங்கி அட்டையை எடுத்தது அம்மாவுக்கே தெரியாது. முதல் நான்கு எண்களை அடித்துவிட்டாள். மிரட்டலுக்குப் பயந்து அல்ல. பயந்து என்று பிற்பாடு சொல்லிக்கொள்ளலாம். அந்த நேரத்தில் அவளுக்கு வேண்டியிருந்தது அந்தப் பூட்டுக்குப் பின்னால் இருந்த வரிகள் மட்டும்தான்.

"இந்தாம்மா, வெயில் கொன்னுடுச்சு. கொஞ்சம் தண்ணி கொடு."

அப்பா வந்துவிட்டார். அவள் போனை மடியில் கவிழ்த்தாள்.

*

அப்பா தண்ணீரைக் குடித்துவிட்டு, கேமராவிலிருந்து படங்களை இறக்கப் பின்னறைக்குப் போனார். இருக்கிற ஒரு கம்ப்யூட்டரை வைத்துக்கொண்டுதான் அவருடைய மொத்தத் தொழிலும். பிறகு, "இது என்ன, பாதுகாப்பு அணைஞ்சு கிடக்கு?" என்ற குரல். பிறகு யாருக்கோ போன். கம்ப்யூட்டர் சரி பார்க்க வருகிற மெக்கானிக்குக்குத்தான். "ஆமாப்பா... இல்லப்பா, நான் எதையும் இறக்கலை... இன்னைக்குக் காலையிலதான் இறங்கியிருக்கு... பேரா? படிக்கிறேன்..."

அம்மா கல்லாவில் உட்கார்ந்து எதிர்ச்சுவரில் மாட்டியிருந்த குழந்தைப் படங்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அப்பா வெளியே வந்தார். கையில் பிடுங்கிய நெட் வயர். அதை எங்கே வைப்பது என்று தெரியாமல் பிடித்துக்கொண்டே நின்றார்.

"காலையில நான் பள்ளிக்கூடத்துல இருந்தேன்" என்றார்.

அவள் குழந்தைப் படங்களிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"அடுத்தவங்க கணக்கைத் திறக்கிறேன்னு சொல்ற இந்த மாதிரிக் கருவி எதுவும் அதைத் திறக்கவே திறக்காதாம். இறக்கினவங்க கம்ப்யூட்டரைத்தான் திறக்குமாம். உள்ளே சேமிச்சு வச்சிருக்கிற பாஸ்வேர்டு அத்தனையையும் அள்ளிட்டுப் போயிடுமாம். அதுக்குன்னே செஞ்சு விடுறாங்களாம்."

"அப்போ சிட்டுவோடது எப்படிப் போச்சு? அவ போன் அவகிட்டதானே இருக்கு?" நியாயமான கேள்வி கிடைத்ததும் அம்மாவுக்குக் கொஞ்சம் தைரியம் வந்தது.

"அவ உடற்பயிற்சி வீடியோவையெல்லாம் ஏத்துறது யாரு? நான்தானே? அவ பாஸ்வேர்டு இந்தக் கம்ப்யூட்டர்லதான் இருந்துச்சு."

"உங்ககிட்டக் கொடுத்திருக்காளா?"

"ம்."

"எனக்குக் கொடுக்கலை."

அப்பா அவளை ஏற இறங்கப் பார்த்தார். கோபப்பட அவருக்குத் தெரியாது. கோபம் வந்தால் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார். இப்போது கையில் வயர் இருந்ததால் அதுவும் முடியவில்லை.

"வீடு எரிஞ்சிட்டிருக்கு. சாவி யார்கிட்ட இருந்துச்சுன்னு கேட்டுட்டிருக்கே."

அம்மா அழுதாள். போனை எடுத்து மின்னஞ்சலைக் காட்டினாள். அந்த மூன்று பக்கங்களும் அதில் இருந்தன. அப்பா 'அன்புள்ள வாடிக்கையாளரே'யைப் படித்தார். கீழே போகவில்லை. போனைக் கவிழ்த்து மேசையில் வைத்தார்.

"படிங்க. உங்களைப் பத்தியும் ஏதாவது இருக்கும்."

"அது என் பொண்ணு இன்னொருத்தருக்கு எழுதினது. நான் எதுக்குப் படிக்கணும்?"

"ஏதோ ஒரு விஷயம் நமக்குத் தெரியக்கூடாதுன்னு எழுதியிருக்கா. உங்களுக்குப் பதறலையா?"

"பதறுது. தெரியணும்னு அவளுக்குத் தோணும்போது தெரியட்டும்." வயரைச் சுருட்டிக் கல்லாவின் மேல் வைத்தார். "பணம் கட்டாதே. கட்டினா நாளைக்கு மறுபடி கேப்பான். நம்ம பாஸ்வேர்டு எல்லாத்தையும் என் போன்ல உட்கார்ந்து மாத்தறேன். சிட்டுகிட்ட மட்டும் நீயே சொல்லிடு. நான் சொன்னா அது வேற மாதிரி ஆயிடும்."

"சொல்றேன்" என்றாள். சொல்ல வேண்டும் என்றுதான் நினைத்தாள்.

*

சாயங்காலம் சிட்டு ஒரு பையோடு வந்து இறங்கினாள். சும்மா வந்து போகிற பை இல்லை, துணிமணி அடைத்த பை.

"கொஞ்ச நாள் இங்கேயே இருக்கேன்மா. அங்கே இருந்தா மறுபடி ஏதாவது கத்திடுவேன்."

மாப்பிள்ளை வேலை விஷயமாக வெளியூரில் இருந்தான். அங்கிருந்தே புகார் கொடுத்து, தெரிந்தவர்களையெல்லாம் புகார் கொடுக்கச் சொல்லி, எப்படியோ அந்தக் கணக்கைத் தற்காலிகமாக முடக்க வைத்துவிட்டான். விளம்பரம் நின்றுவிட்டது. ஆனால் அதற்குள் நடந்தது நடந்துவிட்டது.

"ஒரு ரிட்டயர்டு பஸ் டிரைவர்மா. முழங்கால் ஆபரேஷன் முடிஞ்சு என்கிட்டத்தான் நடக்கப் பழகினார். 'டாக்டரம்மா சொன்னா சரியாத்தான் இருக்கும்'னு கையில இருந்ததைக் கட்டிட்டார். கட்டிட்டு எனக்கு போன் பண்ணி, 'கட்டிட்டேன்மா, எப்போ வரும்'னு கேக்கறார். நான் டாக்டர்கூட இல்லைம்மா."

சோபாவில் அம்மாவின் மடியில் தலை வைத்துப் படுத்துக்கொண்டாள். கல்யாணத்துக்குப் பிறகு முதல் தடவை. அம்மா அவள் தலைமுடியைக் கோதிவிட்டாள். முடி முன்னைவிட அடர்த்தியாக இருந்தது. அங்கே நன்றாகத்தான் பார்த்துக்கொள்கிறார்கள். அந்த நினைப்பு வந்ததும் விரல் ஒரு கணம் நின்று, மறுபடி கோத ஆரம்பித்தது.

உள்ளே அறை வாசலில் அப்பா வந்து நின்றார். அம்மா அவரைப் பார்க்கவில்லை.

இன்னும் கொஞ்ச நேரம், என்று நினைத்தாள். இந்தத் தலை இன்னும் கொஞ்ச நேரம் மடியில் இருக்கட்டும். அப்புறம் சொல்லலாம்.

அப்போது அவளுடைய போன் அடித்தது. சம்பந்தியம்மா.

"அண்ணி, சிட்டு அங்கே வந்துட்டாளா?" மூக்கடைத்த குரல்.

"வந்துட்டா. இங்கேதான் படுத்திருக்கா."

"ஏதாவது சாப்பிட்டாளா பாருங்க. காலையிலேர்ந்து பச்சைத் தண்ணி பல்லுல படலை. கோபமா இருந்தா சாப்பிட மாட்டா. உங்களுக்குத் தெரியாததா?"

"எனக்குத் தெரியும்" என்றாள் அம்மா. 'எனக்கு' என்பதில் கொஞ்சம் அழுத்தம் கூடிவிட்டது.

"தப்பு என்னோடதுதான் அண்ணி. கை சும்மா இருக்காம அதைத் தொட்டுத் தொலைச்சேன். அவ கத்தினதைப் பத்தி நீங்க ஒண்ணும் கேட்டுக்காதீங்க. யாரா இருந்தாலும் கத்தத்தான் செய்வாங்க."

உண்மையைச் சொல்ல இதைவிட நல்ல இடம் வராது. அம்மாவின் நாக்கு அசைந்தது. வந்தது வேறு.

"விடுங்க அண்ணி. நமக்கெல்லாம் வயசாயிடுச்சு. தெரியாததைத் தொடாம இருக்கறதுதான் நல்லது."

சொல்லி முடித்ததும் அவளுக்கே வாய் கசந்தது. அறை வாசலில் அப்பா கண்ணாடியைக் கழற்றினார்.

"ஆமா அண்ணி" என்றாள் சம்பந்தியம்மா, அடங்கிய குரலில். "அதான் ஒண்ணு நினைச்சிருக்கேன். நாளைக்குக் காலையில அந்த டிரைவர் வீட்டுக்கு நானே நேர்ல போறேன். 'இவ மேல தப்பில்லைங்க, புத்தி கெட்டுப் போய் நான்தான் செஞ்சேன்'னு கையெடுத்துக் கேட்டுக்கறேன். சிட்டு வர வேண்டாம். அவ எதுக்கு அந்த ஆள் முன்னாடி தலை குனியணும்? பணத்தையும் எப்படியாவது நான் பார்த்துக்கறேன். அவகிட்ட இதைச் சொல்லாதீங்க, தடுப்பா."

பேச்சு முடிந்தது. போன் திரை அணைந்த பிறகும் அம்மா அதைக் காதிலேயே வைத்திருந்தாள்.

முன்பின் தெரியாத ஒருத்தர் வீட்டு வாசல். கையெடுத்துக் கும்பிட்டபடி அந்த மனுஷி. செய்யாத தப்புக்கு. அப்புறம் ஒரு நாள் சிட்டுவுக்கு அது தெரிய வரும். 'எனக்காக அத்தை அங்கே போய் நின்னாங்களா!' என்பாள். இனி பாதி உயிர் இல்லை, முழு உயிரும் அங்கேதான்.

அம்மாவுக்கு நெஞ்சு திகுதிகுவென்று எரிந்தது. எல்லாவற்றையும்தான் எடுத்துக்கொண்டாள். சிரிப்பை, ஞாயிற்றுக்கிழமையை, ரகசியத்தை. இப்போது தப்பையும்கூட அவளே எடுத்துக்கொண்டு போகிறாள். இது ஒன்றாவது என்னுடையது இல்லையா?

"யாரும்மா? அத்தையா? என்ன சொன்னாங்க?" சிட்டு மடியிலிருந்தபடியே கேட்டாள். கோபமாகக் கேட்க முயன்றாள், முடியவில்லை. கேட்ட விதத்திலேயே தெரிந்தது, ராத்திரிக்குள் சமாதானமாகிவிடுவாள் என்று.

"நாளைக்கு அந்த டிரைவர் வீட்டுக்குப் போய் மன்னிப்பு கேக்கப் போறாங்களாம்."

சிட்டு கண்ணை மூடிக்கொண்டாள். "அவங்க அப்படித்தான்" என்றாள். மூடின இமையின் ஓரத்தில் ஈரம் கசிந்தது. "அப்படித்தான்மா அவங்க."

"போக வேண்டாம்னு சொல்லு."

"சொன்னா கேக்க மாட்டாங்க."

"அவங்க போக வேண்டியதில்லை. போக வேண்டியவ நான்." அம்மா நிறுத்தாமல் சொன்னாள், நிறுத்தினால் மறுபடி ஆரம்பிக்க முடியாது என்று தெரிந்து. "உங்க அத்தை தொட்டதுனால உன் அக்கவுண்ட் போகலை சிட்டு. நான் இறக்கினேன். இன்னைக்குக் காலையில, ஸ்டுடியோ கம்ப்யூட்டர்ல. உன் அக்கவுண்டைத் திறந்து காட்டும்னு சொன்னான் ஒருத்தன். இறக்கினேன். உன் பாஸ்வேர்டு அதுக்குள்ள இருந்துச்சாம். எல்லாம் போயிடுச்சு. மத்தியானமே எனக்குத் தெரியும். தெரிஞ்சும் நீ அவங்களைத் திட்டறதைக் கேட்டுட்டு இருந்தேன். இப்போ அவங்ககிட்டயும் வாயை மூடிட்டு இருந்தேன்."

சிட்டு எழுந்து உட்கார்ந்தாள். மடி சட்டென்று லேசானது.

"எதுக்கு?" என்றாள். அவளுக்கு நிஜமாகவே புரியவில்லை.

"நீயும் அவங்களும் என்ன பேசிக்கறீங்கன்னு பார்க்கறதுக்கு." இதைச் சொல்வதுதான் எல்லாவற்றையும்விடக் கஷ்டமாக இருந்தது. "எனக்குத் தாங்கலைடி. அவ்வளவுதான்."

அப்பா உள்ளே வந்து நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தார்.

மகள் கத்துவாள் என்று அம்மா காத்திருந்தாள். மத்தியானம் அங்கே கத்தியதைவிட அதிகமாகக் கத்தட்டும். துணிப்பையைத் தூக்கிக்கொண்டு திரும்பிப் போகட்டும். எதற்கும் தயாராகத்தான் இருந்தாள்.

சிட்டு கத்தவில்லை. அவள் முகத்தில் கோபம் வருவதற்குப் பதிலாக, மெல்ல மெல்ல நிறம் போய்க்கொண்டிருந்தது.

"அப்போ நீ படிச்சியா?"

"அவன் கொஞ்சம் அனுப்பினான். மாதிரிக்குன்னு. மீதியை அவனே வச்சிருக்கான்."

"அவன்கிட்ட முழுசும் இருக்கா?"

"இருக்கு போல."

சிட்டு திரும்பி அப்பாவைப் பார்த்தாள். அப்பா 'நான் படிக்கவில்லை' என்பதுபோலத் தலையை ஆட்டினார். அவள் கை, அவளை அறியாமல், பக்கத்திலிருந்த தன் போனைத் தேடிப் பிடித்தது. அத்தையின் நம்பரைத்தான் எடுக்கிறாள் என்பது அம்மாவுக்கு இங்கிருந்தே தெரிந்தது. இந்த நிலைமையிலும், இவ்வளவு செய்துவிட்ட பிறகும், அதைப் பார்த்ததும் அவளுக்குள் அந்தப் பழைய எரிச்சல் சுருக்கென்று தலையைத் தூக்கியது.

நம்பரை அமுக்கும் முன் சிட்டு நிமிர்ந்தாள். உதடு காய்ந்து போயிருந்தது.

"அம்மா, உண்மையைச் சொல்லு. எதுவரைக்கும் படிச்சே?"